நிலவின் மண்ணும் நாமக்கல் பாறையும்



ஆகஸ்ட் மாதம் வந்தால் நம் மாணவ வாசகர்களின் கடிதங்களில் நிலவும் வந்துவிடுகிறது. 2023 ஆகஸ்ட் 23-ஆம் தேதி சந்திரயான்-3 நிலவின் தென்பகுதியில் இறங்கியது. அந்த நாளைத்தான் இப்போது தேசிய விண்வெளி நாளாகக் கொண்டாடுகிறோம். இந்த முறை வந்த கடிதங்களில் ஒரு கேள்வி திரும்பத் திரும்ப எழுந்திருக்கிறது: “நிலவின் மண்ணை எடுத்துவந்து என்ன செய்யப்போகிறோம்?” கேட்கவேண்டிய கேள்விதான். இந்தப் பக்கத்தை அதற்கே தருகிறேன்.

நம் வயலில் மண் உருவாக மழையும் வெயிலும் வேண்டும். வேரும் மண்புழுவும் நுண்ணுயிர்களும் வேண்டும். நிலவில் இவை எதுவும் இல்லை. அங்கே மண்ணை உண்டாக்குவது மோதல்தான். பல நூறு கோடி ஆண்டுகளாகச் சிறிதும் பெரிதுமான விண்கற்கள் விழுந்து பாறையை உடைத்தன. உடைந்ததை மேலும் பொடித்தன. கண்ணுக்குத் தெரியாத நுண்கற்களும் அசுர வேகத்தில் வந்து மோதுகின்றன. மோதிய இடத்தில் ஒரு நொடிக்கும் குறைவான நேரத்துக்கு மண் உருகி, பக்கத்துத் துகள்களையும் சேர்த்துக்கொண்டு கண்ணாடியாக இறுகிவிடுகிறது. இப்படிக் கண்ணாடியால் ஒட்டப்பட்ட துகள்கள் நிலவு மண்ணில் ஏராளம். காற்றும் நீரும் உருட்டித் தேய்க்காததால் பெரும்பாலான துகள்கள் கூர்விளிம்போடு அப்படியே கிடக்கின்றன. அவற்றின் சராசரி அளவு ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவு. கருமையாகத் தெரியும் சமவெளிகளில் இந்த மண் நான்கைந்து மீட்டர் ஆழம்வரை இருக்கிறது. வெளிர்நிற மேட்டுநிலங்களில் பத்து மீட்டரையும் தாண்டுகிறது.

அந்தக் கூர்மை என்ன செய்யும் என்பதை 1972-இல் அப்பல்லோ-17 பயணத்தில் சென்ற ஹாரிசன் ஷ்மிட் உடலாலேயே அறிந்தார். நிலவில் நடந்த ஒரே நிலவியல் அறிஞர் அவர். கலத்துக்குள் திரும்பித் தலைக்கவசத்தைக் கழற்றியதும், உடையில் ஒட்டிவந்த தூசியால் மூக்கடைத்துத் தும்மல் வந்தது. வெடித்த துப்பாக்கி மருந்தின் வாடை அடித்ததாக நிலவுக்குப் போனவர்கள் பலரும் சொன்னார்கள். உடையின் இணைப்புகளில் தூசி புகுந்து அவற்றை அரித்தது. நாளை அங்கே தங்கப்போகிறவர்களுக்கு இந்தத் தூசியைச் சமாளிப்பது முதல் வேலையாக இருக்கும்.

இந்த மண்ணில் நிலவின் பிறப்பு வரலாறும் இருக்கிறது. 1969-இல் அப்பல்லோ-11 புறப்படும் நேரம். பாறைகளை அடுக்கிய பெட்டியில் இடம் மிச்சமிருப்பதைக் கண்ட நீல் ஆம்ஸ்ட்ராங், மண்ணைச் சில முறை அள்ளி அதில் நிரப்பினார். அந்த மண்ணைப் பூமியில் சலித்துப் பார்த்தபோது, கறுத்த துகள்களுக்கு நடுவே சின்னஞ்சிறு வெண்கற்கள் கிடைத்தன. அவை அனார்த்தசைட் என்ற பாறையின் துணுக்குகள். இறங்கிய இடமோ கறுத்த எரிமலைப் பாறைச் சமவெளி. வெள்ளைக்கல் அங்கே எப்படி வந்தது?

தொலைவிலுள்ள மேட்டுநிலங்களில் விண்கல் மோதியபோது சிதறி வந்திருக்கவேண்டும் என்றார் ஜான் வுட் என்ற அறிவியலாளர். அவரும் உடன் உழைத்தவர்களும் அந்தத் துணுக்குகளிலிருந்து ஒரு பெரிய முடிவுக்கு வந்தார்கள். பிறந்த புதிதில் நிலவு முழுவதும் உருகிய பாறைக் குழம்பால் மூடப்பட்டிருந்தது. குழம்பு ஆறியபோது கனமான கனிமங்கள் அடியில் இறங்கின. கால்சியமும் அலுமினியமும் கொண்ட இலேசான கனிமம், பாலில் ஆடை படிவதுபோல, மேலே மிதந்து அனார்த்தசைட் ஓடாக இறுகியது. நாம் இரவில் பார்க்கும் வெளிர்நிறப் பகுதிகள் அந்த ஓட்டின் மிச்சம். செவ்வாய் அளவுள்ள ஒரு கோள் சுமார் 450 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமியில் மோத, தெறித்த பொருள் திரண்டு நிலவானது என்ற விளக்கத்தோடும் இது பொருந்துகிறது.

அந்தக் கருத்தைத் தென்முனைக்கு அருகில் சோதித்துப் பார்த்தது நம்முடைய பிரக்யான். விழுப்புரத்தில் பிறந்த வீரமுத்துவேல் திட்ட இயக்குநராக இருந்த சந்திரயான்-3 இறக்கிவிட்ட அந்தச் சிறிய ஊர்தி, ஏறத்தாழ நூறு மீட்டர் நகர்ந்து, 23 முறை மண்ணின் தனிமங்களை அளந்தது. அங்கும் அனார்த்தசைட் வகை மண்தான். 2024 ஆகஸ்டில் ‘நேச்சர்’ இதழில் வெளியான இந்த முடிவு, நிலவெங்கும் குழம்பு பரவியிருந்தது என்ற கருத்துக்கு வலுச் சேர்த்தது.

பிரக்யான் அங்கே புதையாமல் ஓடியதில் நம் ஊர்ப் பாறைக்கும் பங்கு உண்டு. ஊர்தியின் சக்கரத்தைப் பூமியில் சோதிக்க, நிலவின் மண்ணை ஒத்த மண் வேண்டும். அமெரிக்காவில் முன்பு செய்த போலிமண்ணுக்கு எரிமலைச் சாம்பலே மூலப்பொருள். அது நிலவின் கருஞ்சமவெளிகளுக்குத்தான் பொருந்தும். மேட்டுநில மண்ணுக்கு அனார்த்தசைட் தேவை. நாமக்கல் மாவட்டத்தின் சித்தம்பூண்டி, குன்னமலை கிராமங்களில் அந்தப் பாறை இருக்கிறது. சேலம் பெரியார் பல்கலைக்கழக நிலவியலாளர்கள் அதை இனங்காட்ட, பாறை உடைக்கப்பட்டு, நிலவு மண்ணின் துகளளவுக்கு அரைக்கப்பட்டது. திருச்சி தேசிய தொழில்நுட்பக் கழகமும் இந்த ஆய்வில் கைகொடுத்தது. இப்படிச் செய்த பல பத்து டன் மண் பெங்களூரில் பரப்பப்பட்டு, அதில் ஊர்திச் சக்கரங்கள் ஓடிப் பழகின. இந்தச் செய்முறைக்கு 2020-இல் இஸ்ரோ காப்புரிமையும் பெற்றது.

இனி, கடிதங்களில் கேட்ட பயன்களுக்கு வருகிறேன். நிலவு மண்ணின் எடையில் ஐந்தில் இரண்டு பங்குக்கும் மேல் ஆக்சிஜன். ஆனால் அது சிலிக்கன், இரும்பு, அலுமினியம், கால்சியம், டைட்டானியம் ஆகியவற்றோடு இறுகப் பிணைந்திருக்கிறது. மண்ணை உருகிய உப்பில் இட்டு மின்சாரம் செலுத்தினால் ஆக்சிஜன் பிரிந்து வரும், உலோகமும் மிஞ்சும். ஐரோப்பிய ஆய்வகங்களில் போலிமண்ணைக் கொண்டு இதைச் செய்து காட்டியிருக்கிறார்கள். மூச்சுக்காற்றும் ராக்கெட்டின் எரிபொருளை எரிக்கும் ஆக்சிஜனும் அங்கேயே கிடைத்தால், பூமியிலிருந்து தூக்கிச் செல்லும் சுமை பெருமளவு குறையும்.

அடுத்தது வீடு. காற்றுப்போர்வை இல்லாத நிலவில் கதிர்வீச்சிலிருந்தும் நுண்கற்களிலிருந்தும் காக்க, குடியிருப்பின் மேல் மண்ணைத் தடிமனாக மூடுவதே எளிய வழி. செங்கல்லும் செய்யலாம். பெங்களூர் இந்திய அறிவியல் கழகமும் இஸ்ரோவும் சேர்ந்து 2020-இல் ஒரு வழி கண்டன. போலிமண்ணில் யூரியாவையும் ஒருவகைப் பாக்டீரியாவையும் கொத்தவரை விதையிலிருந்து எடுக்கும் பசையையும் கலந்தார்கள். பாக்டீரியா உண்டாக்கிய கால்சியம் கார்பனேட் துகள்களைப் பிணைத்துக் கல்லாக்கியது. நம் கொத்தவரைக்கு இப்படியும் ஒரு வேலை இருக்கிறது!

செடி வளருமா என்று கேட்ட பிள்ளைகளுக்கு: முளைக்கும். 2022-இல் புளோரிடா பல்கலைக்கழகத்தினர் அப்பல்லோ 11, 12, 17 பயணங்களின் மண்ணை எடுத்தார்கள். செடிக்கு ஒரு கிராம் அளவு மண். அதில் கடுகுக் குடும்பத்தைச் சேர்ந்த சிறு செடியின் விதை. இரண்டே நாளில் முளைவிட்டது. ஆனால் நாள் ஆக ஆக வேர் குன்றியது, சில செடிகளின் இலைகள் சிவந்தன. உப்பும் உலோகமும் மிகுந்த நிலத்தில் வாடும் செடியைப் போலவே அவற்றின் மரபணுக்கள் நடந்துகொண்டன. அந்த மண்ணைப் பக்குவப்படுத்தினால்தான் பயிர்.

ஹீலியம்-3 பற்றியும் பலர் எழுதியிருந்தீர்கள். சூரியக்காற்று கொண்டுவந்து பதித்த அந்த வாயு நிலவு மண்ணில் இருப்பது உண்மை. ஆனால் ஒரு டன் மண்ணில் மில்லிகிராம் கணக்கில்தான் தேறும். அதை எரிபொருளாக்கி மின்சாரம் தரும் உலை உலகில் இன்னும் இல்லை. அதை நம்பி நிலவைச் சுரங்கமாக்கக் கிளம்புவது அவசரம் என்றே நினைக்கிறேன்.

என் கருத்தில், இந்த மண்ணின் முதல் பயன் படிப்புதான். அப்பல்லோ பயணங்கள் கொண்டுவந்த 382 கிலோ கல்லையும் மண்ணையும் ஒரே நாளில் செலவழித்துவிடவில்லை. சில மாதிரிகளைச் சீல் வைத்துப் பாதுகாத்தார்கள். பின்னாளில் கருவிகள் மேம்படும் என்ற நம்பிக்கையோடு 1972-இல் மூடிய ஒரு குழாயை 2022-இல்தான் திறந்தார்கள். சீனாவின் சாங்-இ-6 விண்கலம் 2024-இல் நிலவின் மறுபக்கத்திலிருந்து இரண்டு கிலோவுக்குச் சற்றுக் குறைவான மண்ணை முதன்முதலாகக் கொண்டுவந்தது. அடுத்து நம் முறை. நிலவு மண்ணை எடுத்துவரும் சந்திரயான்-4 திட்டத்துக்கு 2024 செப்டம்பரில் ஒன்றிய அமைச்சரவை 2,104 கோடி ரூபாய் ஒதுக்கி ஒப்புதல் தந்திருக்கிறது.

அந்த மண் வந்து சேரும்போது அதைப் படிக்கத் தெரிந்த கைகள் நமக்கு வேண்டும். விண்வெளி என்றால் ராக்கெட் பொறியியல் மட்டும்தான் என்று நம் பிள்ளைகள் நினைத்துவிடக் கூடாது. பாறையைத் தட்டிப் பார்த்து அதன் கதையைச் சொல்லும் நிலவியலும் விண்வெளிப் படிப்புதான். ஆசிரியர்களே, நாமக்கல், சேலம், ஈரோடு பக்கம் இருந்தால் மாணவர்களை ஒருநாள் சித்தம்பூண்டிக்கு அழைத்துச் செல்லுங்கள். பெற்றோர்களே, பிளஸ் டூ முடித்த பிள்ளை நிலவியல் படிக்க ஆசைப்பட்டால், அதில் என்ன இருக்கிறது என்று தடுக்காதீர்கள். சந்திரயான்-4 கொண்டுவரும் மண்ணை ஆராயப்போகிறவர் இன்று உங்கள் வீட்டில் பாடம் படித்துக்கொண்டிருக்கலாம்.

அன்புடன்,
ஆசிரியர்