நாலு நட்டு ஏறினால் போதுமா?

காருக்கு அலாய் வீல் மாட்டுவதென்று முடிவு கட்டிவிட்ட மனிதரிடம் எண் பேசிப் பயனில்லை. அவர் ஏற்கெனவே ஒரு டிசைனைப் பார்த்துவிட்டார். கறுப்புப் பூச்சு, ஓரத்தில் வெள்ளிப் பளபளப்பு, நடுவிலிருந்து கத்தி கத்தியாக விரியும் ஆரங்கள். இனி அவர் கேட்கப்போவது விலையை மட்டும்தான். விற்பவருக்கும் அதுதான் வசதி.

என் சித்தப்பா மகன் சமீபத்தில் இந்தக் கட்டத்துக்கு வந்து சேர்ந்தான். அவனிடம் இருப்பது மாருதி டிசையர், நடு வரிசை மாடல். 14 அங்குல இரும்பு ரிம், அதை மூட பிளாஸ்டிக் வீல் கேப். மழைப் பள்ளத்தில் ஒரு கேப் கழன்று காணாமல் போனதிலிருந்து வண்டி அவன் கண்ணுக்கு மூளியாகத் தெரிந்தது. "ஜி.பி. ரோடு வரைக்கும் வாண்ணா, பார்த்துட்டு மட்டும் வந்துடலாம்" என்றான். அண்ணா சாலையை ஒட்டிய ஜெனரல் பேட்டர்ஸ் சாலைக்குக் கார் எடுத்துக்கொண்டு போய், பார்த்துவிட்டு மட்டும் திரும்பியவர் யாருமில்லை.

"டிசையர்தானே சார்? ஃபோர் ஹன்ட்ரட். இங்க தொங்கறதுல எது வேணா ஏறும், காட்டுங்க, இறக்கச் சொல்றேன்" என்றார் கடைக்காரர். அவர் பொய் சொல்லவில்லை. நாலு துளை, எதிரெதிர்த் துளைகளின் மையத்துக்கு மையம் 100 மி.மீ. இதைத்தான் பி.சி.டி. என்கிறார்கள். டிசையர், ஹோண்டா அமேஸ், டொயோட்டா எட்டியோஸ், பழைய ஹூண்டாய் வெர்னா எல்லாவற்றுக்கும் 4-100 தான். ஆனால் ஏறுவதற்கும் சரியாக உட்காருவதற்கும் நடுவே இன்னும் ஐந்தாறு கணக்குகள் இருக்கின்றன. அவற்றைக் கடைக்காரர் தானாகச் சொல்ல மாட்டார். நாம்தான் கேட்க வேண்டும்.

பி.சி.டி.யிலேயே கண் ஏமாறும் இடங்கள் உண்டு. ஃபியட் லீனியாவுக்கும் நாலு துளைதான், ஆனால் அளவு 98. நூறுக்கான சக்கரத்தை வைத்தால் ஒவ்வொரு போல்ட்டும் 1 மி.மீ. தள்ளி நிற்கும். கூம்பு முகமுள்ள போல்ட்டை இழுத்து முறுக்கினால் அந்த ஒரு மி.மீ.யும் மறைந்து, வெளியே பார்க்க எல்லாம் ஒழுங்காகத்தான் தெரியும். உள்ளே போல்ட் கோணலாக இழுபட்டு நிற்கும். மறைமலை நகரில் தயாரான ஃபோர்டு ஐகானுக்கும் ஃபியஸ்டாவுக்கும் அளவு 108. ஐந்து துளைக் கார்களில் ஸ்கோடா லாராவுக்கு 112, 2008-க்குப் பிந்தைய கொரோலா ஆல்டிஸுக்கு 114.3. பக்கத்துப் பக்கத்துத் துளைகளை அளந்தால் இந்த இரண்டுக்கும் வித்தியாசம் ஒன்றரை மி.மீ.கூட வராது. புதுப்பேட்டையில் பழைய சக்கரம் தேடுகிறவர்கள் கண்ணளவை நம்பக்கூடாது. காலிபர் அளவுகோல் கையில் இருக்க வேண்டும்.

அடுத்தது நடுத்துளை. தம்பி தேர்ந்தெடுத்த 16 அங்குல சக்கரத்தைக் கடைப்பையன் தூக்கி ஹப்பில் வைத்தான். நட்டுப் போடும் முன் "கொஞ்சம் இரு தம்பி" என்று சொல்லிவிட்டு, நடுத்துளைக்குள் சுண்டுவிரலை விட்டுப் பார்த்தேன். ஹப்புக்கும் சக்கரத்துக்கும் நடுவில் விரல் நுனி தாராளமாக நுழைந்தது. காரணம் எளிது. டிசையரின் ஹப் 54.1 மி.மீ. வெளிச்சந்தையில் விற்கும் அலாய்கள் எல்லாக் கார்களுக்கும் பொதுவாக இருக்கட்டும் என்று நடுத்துளையைப் பெரிதாக, பெரும்பாலும் 67.1 அல்லது 73.1 மி.மீ. அளவில் வெட்டுகிறார்கள். இது 73.1. சுற்றிலும் ஒன்பதரை மி.மீ. காலி. சக்கரத்தை மையத்தில் நிறுத்தும் வேலை முழுக்க நாலு நட்டுகளின் தலையில் விழுகிறது. கொஞ்சம் பிசகினாலும் 80, 90 கி.மீ. வேகத்தில் ஸ்டீயரிங் உதறும். பேலன்சிங் கடைக்கு எத்தனை முறை போனாலும் போகாது, ஏனென்றால் கோளாறு அங்கே இல்லை.

இதற்கு மருந்து ஹப் ரிங் என்கிற சின்ன வளையம். கேட்டதும் பையன் உள்ளேயிருந்து ஒரு பிளாஸ்டிக் வளையத்தைக் கொண்டுவந்தான். ஹப்பில் மாட்டினால் லொடலொடவென்று ஆடியது. திருப்பிப் பார்த்தால் உள்ளே 56.1 என்று அச்சு. அது ஹோண்டாவுக்கானது. இன்னொரு டப்பாவைத் துழாவி 54.1 எடுத்துவந்து அழுத்தினான். 'டக்'கென்று உட்கார்ந்தது, ஆட்டமில்லை. விலை சில நூறு ரூபாய்தான். கேட்காதவருக்கு அது கிடைப்பதில்லை.

மூன்றாவது, வண்டியின் போக்கையே மாற்றிவிடக்கூடியது: ஆஃப்செட். சக்கரத்தின் பின்பக்கம் இ.டி. என்ற எழுத்துகளோடு 35, 40, 45 என்று பொறித்திருப்பார்கள். ரிம்மின் அகலத்தில் சரிபாதியில் ஒரு கோடு இருப்பதாக வைத்துக்கொண்டால், ஹப்பில் உட்காரும் முகம் அந்தக் கோட்டிலிருந்து எத்தனை மி.மீ. வெளிப்பக்கமாகத் தள்ளியிருக்கிறது என்பதுதான் அந்த எண். எண் குறையக் குறைய சக்கரம் வெளியே வரும். அகலம் கூடினால் உள்ளேயும் போகும், வெளியேயும் வரும்.

கணக்கைப் போட்டே பார்த்துவிடலாம். ஐந்தரை அங்குல அகலம், இ.டி. 45 உள்ள ரிம்மைக் கழற்றிவிட்டு, ஏழு அங்குல அகலம், இ.டி. 35 உள்ளதை மாட்டுகிறோம். அகலம் ஒன்றரை அங்குலம் கூடியது, அதாவது 38 மி.மீ. அதில் பாதியான 19 ஒவ்வொரு பக்கமும் சேரும். ஆஃப்செட் குறைந்ததால் மொத்தச் சக்கரமும் 10 மி.மீ. வெளியே நகரும். ஆக, வெளி விளிம்பு 29 மி.மீ. வெளியே, உள் விளிம்பு 9 மி.மீ. சஸ்பென்ஷன் பக்கம். வண்டி காலியாகக் கடை வாசலில் நிற்கும்போது இதில் எதுவும் தெரியாது. அகலமாக, கம்பீரமாக நிற்பதாகத்தான் தோன்றும். பின்சீட்டில் மூன்று பேர், டிக்கியில் அரிசி மூட்டை, குலதெய்வக் கோயிலுக்குப் போகும் வழியில் ஒரு வேகத்தடை என்று வரும்போதுதான் டயர் மட்கார்டில் உரசும் சத்தம் கேட்கும். வீல் பேரிங் மீது விழும் சுமையும் கூடுகிறது. அது சத்தம் போட நாளாகும், அவ்வளவுதான்.

நாலாவது, டயரோடு சேர்ந்த மொத்த விட்டம். இதில் கார் கம்பெனிகளே நமக்குப் பாடம் எடுத்துவைத்திருக்கின்றன. டிசையரின் கீழ் மாடல்களுக்கு 165/80 ஆர்14, மேல் மாடல்களுக்கு 185/65 ஆர்15. முதல் எண் டயரின் அகலம், மி.மீ. கணக்கில். இரண்டாவது, பக்கச் சுவரின் உயரம் அந்த அகலத்தில் எத்தனை சதவீதம் என்பது. கடைசி எண் ரிம்மின் விட்டம், அங்குலத்தில். 165-இல் 80 சதவீதம் 132. அதை இரண்டால் பெருக்கி, 14 அங்குலத்துக்குரிய 355.6-ஐக் கூட்டினால் சுமார் 620 மி.மீ. அதே கணக்கில் 15 அங்குல டயர் 621.5 வருகிறது. ரிம் ஓர் அங்குலம் பெரிதாகியும் மொத்த விட்டத்தில் வித்தியாசம் இரண்டே மி.மீ. அதனால் ஸ்பீடோமீட்டர் பொய் சொல்லாது, கியரின் இழுவை மாறாது. 16 அங்குலம்தான் வேண்டும் என்று அடம்பிடித்தால் 195/55 ஆர்16 போடலாம். அதுவும் 621 தான். மூல அளவிலிருந்து மூன்று சதவீதத்துக்கு மேல் போகாதிருப்பது பொதுவிதி.

விட்டம் மாறாமல் ரிம் பெரிதாகிறது என்றால் எங்கோ ஒன்று குறைகிறது. குறைவது ரப்பர். 14 அங்குலத்தில் பக்கச் சுவர் 132 மி.மீ., 15-இல் 120, 16-இல் 107. "இன்னும் கொஞ்சம் சேர்த்தா செவன்டீனே போட்டுடலாம் சார், வண்டி லுக்கே மாறிடும்" என்று கடைக்காரர் காட்டிய 205/45 ஆர்17-இல் வெறும் 92. மழைக்கால நீர் வடிந்த மறுநாள் நம் தெருக்கள் எப்படி இருக்கும் என்பது வாசகர்களுக்குத் தெரியும். பள்ளத்தின் விளிம்பில் இடிக்கும்போது அதை வாங்கிக்கொள்ள வேண்டியது அந்தப் பக்கச் சுவர்தான். அது மெலிந்தால் அடி நேரே ரிம்முக்குப் போகும். இரும்பு ரிம் நெளியும், தட்டி எடுக்கலாம். அலாய் விரிசல் விடும். விரிசலை வெல்டு வைத்து ஓட்டுவது குடும்பத்தை ஏற்றிச் செல்லும் வண்டிக்கு ஆகாது.

அந்த 17 அங்குல டயரில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. டயரின் மேல் 84, 85, 88 என்று ஓர் எண் இருக்குமே, அது சுமைக் குறியீடு. 85 என்றால் ஒரு டயர் 515 கிலோ தாங்கும், 88 என்றால் 560. 205/45 ஆர்17-இன் சாதாரண வகைக்குக் குறியீடு 84, அதாவது 500 கிலோ. கம்பெனி கொடுத்த மெலிந்த 165 டயரின் குறியீடு 85. பார்க்கப் பெரிதாக இருக்கும் சக்கரம், சின்ன சக்கரத்தைவிடக் குறைவாகச் சுமக்கிறது! கூடுதல் சுமை தாங்கும் எக்ஸ்.எல். வகையும் அந்த அளவில் உண்டு, ஆனால் கேட்டு வாங்க வேண்டும். ரிம்முக்கும் தனியாகச் சுமை அளவு உண்டு. பின்பக்கம் பொறித்திருப்பார்கள். அங்கேயே ஐ.எஸ்.ஐ. முத்திரையும், ஜப்பானியத் தரமென்றால் ஜே.டபிள்யூ.எல். என்ற எழுத்துகளும் இருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும். பின்பக்கம் மொட்டையாக இருக்கும் சக்கரத்தை எவ்வளவு மலிவாகத் தந்தாலும் வாங்கக் கூடாது.

கடைசியாக நட்டு. இது சில்லறை விஷயம் என்று நினைத்து விட்டுவிடுகிறோம். மாருதியின் நட்டு 12 மி.மீ., மரையிடைவெளி 1.25. ஹோண்டா, டொயோட்டா, ஹூண்டாய் 12 மி.மீ.தான், ஆனால் இடைவெளி 1.5. மாற்றிப் போட்டு ஏர் கன்னால் முறுக்கினால் ஸ்டட்டின் மரை அழியும். முகமும் மாறுபடும். ஹோண்டாவின் கம்பெனி நட்டுக்கு உருண்டை முகம். வெளிச்சந்தை அலாய்களில் பெரும்பாலும் 60 டிகிரிக் கூம்புப் பள்ளம். உருண்டை கூம்பில் உட்கார்ந்தால் மெல்லிய ஒரு வட்டத்தில் மட்டும்தான் தொடும், ஓட ஓடத் தளரும். எனவே சக்கரம் மாறினால் அதற்குப் பொருத்தமான நட்டும் மாற வேண்டும். பழைய நட்டுகளை டிக்கியில் போட்டு வையுங்கள். இரும்பு ஸ்டெப்னியை மாட்டும் நாளில் அவைதான் உதவும். முறுக்குவதற்கும் அளவு உண்டு. ஹோண்டா சொல்வது 108 நியூட்டன் மீட்டர். உங்கள் வண்டிக்கு எவ்வளவு என்பது கையேட்டில் இருக்கும். ஏர் கன்னால் ஓட்டி விட்டாலும் கடைசி முறுக்கு டார்க் ரென்ச்சில், குறுக்குக் குறுக்காக இருக்கட்டும். நூறு கி.மீ. ஓடியபின் ஒருமுறை மறுபடி சரிபார்க்க வேண்டும்.

சட்டமும் காப்பீடும் பற்றி ஒரு வார்த்தை. மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, தயாரிப்பாளர் தந்த அமைப்பை நம் இஷ்டத்துக்கு மாற்றுவதைத் தடுக்கிறது. 2019-இல் உச்ச நீதிமன்றமும் இதை அழுத்தமாகச் சொல்லியிருக்கிறது. அதே காருக்கு அதே கம்பெனி மேல் மாடலில் தரும் அளவைத் தாண்டாமல் இருந்தால் விளக்கம் சொல்ல வேண்டிய தேவை குறையும். மட்கார்டுக்கு வெளியே டயர் நீட்டிக்கொண்டிருந்தால் சாலையில் நிறுத்திக் கேட்பார்கள், அதில் தவறும் இல்லை. வெளியில் வாங்கிய அலாயைக் காப்பீட்டு நிறுவனத்துக்குத் தெரிவித்து, மின்சாரம் சாராத துணைப்பொருள் என்று பாலிசியில் சேர்க்காவிட்டால், திருடு போனால் அதற்கு இழப்பீடு வராது.

தம்பி கடைசியில் கம்பெனியின் மேல் மாடலுக்குரிய 15 அங்குல அலாயையே வாங்கினான். கத்தி ஆரங்கள் அதில் இல்லை, கொஞ்சம் முகம் வாடினான். ஆனால் நடுத்துளைக்கு வளையம் தேவைப்படவில்லை, ஆஃப்செட் கணக்குப் போட வேண்டியிருக்கவில்லை. பழைய 14 அங்குல இரும்புச் சக்கரம் விட்டம் ஒத்துப்போவதால் ஸ்டெப்னியாகவும் நிற்கிறது.

உங்களுக்கு வேறு டிசைன்தான் பிடிக்கிறதென்றால் தாராளமாக வாங்குங்கள், அழகுக்கு நான் விரோதி அல்ல. போவதற்கு முன் ஒரு தாளில் உங்கள் காரின் பி.சி.டி., ஹப் விட்டம், ரிம் அகலம், ஆஃப்செட், டயர் அளவு, சுமைக் குறியீடு, நட்டின் மரை, இவ்வளவையும் எழுதி எடுத்துக்கொண்டு போங்கள். டயர் அளவு ஓட்டுநர் கதவருகே ஒட்டியிருக்கும். மற்றவற்றில் பாதி பழைய ரிம்மின் பின்பக்கம் இருக்கும். மீதியைக் கம்பெனி சர்வீஸ் சென்டரில் கேட்டால் சொல்வார்கள். மாட்டியதும் ஸ்டீயரிங்கை இரண்டு பக்கமும் முழுக்க ஒடித்துப் பாருங்கள். ஐந்து பேரை உட்காரவைத்து ஒரு வேகத்தடை ஏறி இறங்கியபின் பணத்தை எண்ணிக் கொடுங்கள். அந்தத் தாளை நீட்டியதும் முகம் சுளிக்கிற கடையென்றால், அங்கே வாங்க வேண்டாம்.