அகழானும் அகன்ற வரம்பும்

நெற்கதிர் பால்பிடிக்கும் காலத்தில் எலி நஞ்சைத் தேடியலைவது கமக்காரர் பலரின் வழக்கம். அந்நேரத்தில் தொடங்கும் வேலையாற் பெரும்பயன் விளைவதில்லை. அகழானின் வாழ்க்கையை அறிந்தோர் இதன் காரணத்தை எளிதில் உணர்வர்.

அகழான் தனித்து வாழும் பிராணி. தாயும் குட்டிகளும் சேர்ந்திருக்கும் நாட்கள் நீங்கலாக, ஒரு வளையில் ஓர் அகழானே வசிக்கும். ஈர மண்ணில், பயிருக்கு அருகே, நீர் ஏறாத உயரத்தில் அது வளை தோண்டும். பகலில் வாயிலை மண்ணால் அடைத்து உள்ளே தங்கும். இரவிற் கதிர்களை அறுத்து உள்ளறைகளிற் சேமிக்கும். அதன் சினைக்காலம் ஏறக்குறைய 3 வாரமே. அகன்று உயர்ந்து புல் மண்டிய வரம்பு அதற்கு மாளிகையாகும். அம்மாளிகையைக் கட்டிக் கொடுப்பவர் கமக்காரரே. நஞ்சுண்டு ஒன்று மடிந்தாலும், வெறுமையான வளைக்கு அயல் வயலிலிருந்து மற்றொன்று குடிவரும்.

ஆகையால், எலியொழிப்பு விதைப்புக்கு முன்னரே தொடங்குதல் வேண்டும். பள்ளத்தாக்கு நெல்வயல்களில் வரம்பைச் செதுக்கி, ஓர் அடி அகலத்துக்கு மேற்படாமல் ஒடுக்குவது நன்று. வளைகளை வெட்டித் திறந்து அழித்தலையும், விதைப்பையும் அயலார் யாவரும் ஒரே காலத்திற் செய்தல் வேண்டும். ஒருவர் மட்டும் செய்வது வீண்.

திம்புள்ளயின் சரிவான மரக்கறித் தோட்டங்களுக்கு இம்முறை முழுவதும் பொருந்தாது. எலிக்கு அஞ்சி அணைப்புகளைச் செதுக்கினால், தென்மேற்குப் பருவமழை மேல்மண்ணை ஆற்றிற் சேர்த்துவிடும். மலைமண்ணைக் காக்கவே 1951ஆம் ஆண்டில் மண் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டது. அங்கே புல்லின் வேரை விட்டு, தலையை மட்டும் கட்டையாக வெட்டுக. வளையைத் திறந்தபின் கல்லும் மண்ணும் இட்டு இறுக்கி அடைக்க. அடையாத வளையினுள் மழைநீர் புகுந்தால் அணைப்பே சரியக்கூடும். எலி தின்னும் சாரைப்பாம்பையும் ஆந்தையையும் கொல்லாதிருத்தல் கமக்காரருக்கே ஆதாயம்.

நட்டம் விளைச்சலோடு நிற்பதில்லை. எலியின் சிறுநீர் கலந்த சேற்றால் எலிக்காய்ச்சல் பரவும். 2008ஆம் ஆண்டில் இலங்கையில் 7,000க்கு மேற்பட்டோர் இந்நோய்க்கு ஆளாயினர் என ஐயுறப்பட்டது. 200க்கு மேற்பட்டோர் இறந்தனர். கைகாலிற் புண்ணுள்ளோர் சேற்றில் இறங்காதிருத்தல் நன்று. வெறுங்கையை வளையினுள் விடுதல் கூடாது. தடுப்பு மாத்திரை பற்றிப் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் முன்னரே கேட்டறிக.

நஞ்சு ஓர் எலியைக் கொல்லும். திருந்திய வரம்போ அடுத்த எலி குடியேறுவதையே தடுக்கும்.