ஊதினால் ஓடும் மரியோ!

டி.வி.யில் மாட்டி விளையாடும் அந்தப் பழைய வீடியோ கேம் ஞாபகம் இருக்கா? '9 லட்சம் கேம்'னு அட்டையில் போட்டுட்டு, நாலஞ்சு கேமையே திருப்பித் திருப்பிக் காட்டுமே... அதேதான். கேசட் ஓடலைன்னா கழற்றி, 'ஃபூ'ன்னு ஊதி மாட்டுவோம். (ஓடினது ஊதினதால இல்ல பாஸ், மறுபடி சொருகினதால!)

அந்தப் பெட்டிகளில் பெரும்பாலானவை நின்டெண்டோவின் என்.இ.எஸ். மெஷினுக்கு டூப்ளிகேட். அதில் 1985-ல் வந்த 'சூப்பர் மரியோ பிரதர்ஸ்' எவ்வளவு பெரிசு தெரியுமா? புரோகிராம் 32 கே.பி., படங்கள் 8 கே.பி. அவ்வளவுதான்! உங்க செல்ஃபி ஒண்ணு அதைவிடப் பல மடங்கு பெரிசு.

கம்ப்யூட்டரில் அந்த மெஷின் மாதிரியே நடிக்கிற சாஃப்ட்வேர்தான் எமுலேட்டர். அதுக்காக கேசட்டை ஃபைலாக்கும்போது முன்னாடி 16 பைட் மட்டும் சேர்ப்பாங்க. சிப் எவ்வளவு பெரிசு, உள்ளே என்ன சர்க்யூட்னு சொல்ற அட்ரஸ் சீட்டு. ஆக மொத்தம் 40,976 பைட். முழு மரியோவும் அதுக்குள்ளே, தப்புகள் உட்பட! சுவருக்குள் புகுந்து போனால் முடிவே இல்லாத தண்ணீர் லெவலில் மாட்டிக்குவோமே, அதைத் திருத்த அப்டேட் எல்லாம் கிடையாது.

2017-ல் வந்த ஸ்விட்ச் கதையே வேற. கேட்ரிட்ஜை நகலெடுத்தால் 'எக்ஸ்.சி.ஐ.' ஃபைல். அப்டேட் தனியா 'என்.எஸ்.பி.' ஃபைல். கேட்ரிட்ஜில் இருப்பது அதைத் தயாரித்த அன்றைய கேம்தான். அப்புறம் திருத்தினது எல்லாம் கம்பெனி சர்வரில். சர்வரை மூடிட்டா?

மூடவும் செய்றாங்களே! 'வீ' மெஷினின் ஆன்லைன் கடைக்கு 2019 ஜனவரியில் பூட்டு. 3டி.எஸ்., வீ யு கடைகளில் 2023 மார்ச் 27-ஓடு விற்பனை நின்னுபோச்சு. அங்கே மட்டுமே கிடைச்ச கேம்களைக் காசு கொடுத்தாலும் இப்போ வாங்க முடியாது.

அப்போ எமுலேட்டர்தான் கதியா? எமுலேட்டர் உருவாக்க பிளேஸ்டேஷன் புரோகிராமை ஆராய்ந்தது தப்பில்லைன்னு, சோனி - கனெக்டிக்ஸ் வழக்கில் அமெரிக்க அப்பீல் கோர்ட் 2000-லேயே சொல்லிடுச்சு. ஆனா ஸ்விட்ச் ஃபைல்களுக்குப் பூட்டு உண்டு. சாவி இல்லாமல் திறக்காது. அந்தப் பூட்டை உடைக்க உதவுதுன்னுதான் 'யூசு' எமுலேட்டர் மேல் 2024 பிப்ரவரியில் நின்டெண்டோ வழக்குப் போட்டது. அடுத்த மாசமே 24 லட்சம் டாலர் தர ஒத்துக்கிட்டு யூசு மூட்டை கட்டிடுச்சு.

திருட்டு டவுன்லோடுக்கு நான் வக்காலத்து வாங்கலை. ஆனா கடையையும் மூடி, சாவியையும் தரமாட்டேன்னா, காசு கொடுத்து ஆடணும்னு நினைக்கிறவன் எங்கே போவான்?

பரணில் அந்தக் கேசட் கிடந்தா எடுத்து வைங்க. ஊதாதீங்க, எச்சில் பட்டா பின் கெட்டுப்போகும்!