ஒரு மணி நேரமும் உழைப்பாளியின் உயிரும்

புற்றுநோய்க்கு மருந்து ஏற்றிக்கொண்டு ஊர் திரும்பிய கூலி உழைப்பாளி ஒருவருக்குப் பத்தாம் நாள் இரவில் காய்ச்சல் அடிக்கிறது. கடையில் காய்ச்சல் மாத்திரை வாங்கி விழுங்கிவிட்டு, விடிந்ததும் பார்த்துக்கொள்ளலாம் என்று படுத்துவிடுகிறார். அந்த இரவே அவர் உயிருக்கு எமனாகலாம். இதைப் பயமுறுத்துவதற்காக நாம் சொல்லவில்லை. வைத்திய உலகம் நன்கறிந்த உண்மை இது.

கீமோதெரபி மருந்து புற்றுநோயை மட்டும் தாக்குவதில்லை. கிருமிகளை எதிர்த்து நிற்கும் வெள்ளை அணுக்களின் உற்பத்தியையும் தாக்குகிறது. பெரும்பாலான மருந்துகளில், ஏற்றிய 7 முதல் 14 நாட்களுக்குள் இந்த அணுக்கள் அடிமட்டத்துக்கு இறங்கிவிடுகின்றன. அவற்றில் முக்கியமான நியூட்ரோஃபில்கள் ஒரு மைக்ரோலிட்டர் ரத்தத்தில் 500-க்கும் கீழே போனால் ஆபத்து கடுமையாகிறது. இவை குறையக் குறையத் தொற்று பெருகுகிறது என்பதை, ரத்தப் புற்றுநோயாளிகளைப் பரிசீலித்து 1966-லேயே ஆராய்ச்சியாளர்கள் காட்டினார்கள். சீழ் கட்டுவதற்கும் இந்த அணுக்கள் வேண்டும். அவை இல்லாதபோது பல சமயம் காய்ச்சல் ஒன்றுதான் அபாய அறிவிப்பு. காய்ச்சல் மாத்திரை அதையும் மறைத்துவிடுகிறது.

ஆகவே ஒரு முறை பார்த்தபோது 101 டிகிரி, அல்லது ஒரு மணி நேரம் நீடித்து 100.4 டிகிரி இருந்தால் உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். போய்ச் சேர்ந்த ஒரு மணி நேரத்துக்குள் முதல் ஆண்டிபயாடிக் கொடுக்கப்பட வேண்டும் என்பது நிபுணர்கள் வகுத்த விதி.

இவர்கள் எல்லோரையும் படுக்கையில் சேர்க்க வேண்டுமா? இதற்கு 2000-ம் ஆண்டில் ஒரு சர்வதேச மதிப்பெண் முறை வெளியாயிற்று. வயது, ரத்த அழுத்தம், நீர் வற்றல், நுரையீரல் நோய் முதலியவற்றைக் கவனித்து 26-க்கு மதிப்பெண் போடுகிறார்கள். 21-ம் அதற்கு மேலும் பெற்றவர் அபாயம் குறைந்தவர். அவர்களில் தகுந்தவர்களை, சில மணி நேரம் கவனித்துவிட்டு, மாத்திரையுடன் வீட்டுக்கு அனுப்பலாம். இந்த முறையை நாம் வரவேற்கிறோம்.

ஆனால் எந்த வீட்டுக்கு? அமெரிக்க வைத்திய சங்கங்கள் 2018-ல் வெளியிட்ட வழிகாட்டுதலே இதற்கு நிபந்தனை விதிக்கிறது: வீடு ஆஸ்பத்திரியிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் அல்லது 48 கிலோமீட்டருக்குள் இருக்க வேண்டும், இருபத்துநாலு மணி நேரமும் துணைக்கு ஆள், டெலிபோன், வாகனம் வேண்டும். இதை எழுதியவர்கள் நம் கட்சிக்காரர்களல்ல. ஆயினும் நோயாளியின் ரத்தத்தோடு அவரது வாழ்க்கை நிலைமையையும் கணக்கிட வேண்டும் என்று அவர்களே ஒப்புக்கொள்கிறார்கள். கடைசி பஸ் போய்விட்ட கிராமத்தில், துணைக்கு இருக்கும் மனைவியும் கூலிக்குப் போனால்தான் அடுப்பெரியும் குடும்பத்தில், 24 மதிப்பெண் வாங்கியவரையும் அபாயம் குறைந்தவர் என்று எப்படி அனுப்புவது?

நோயாளிகளின் அஜாக்கிரதையே காரணம் என்று பேசுவது சுலபம். தெர்மாமீட்டர் இல்லாத வீட்டில் யாரைக் குறை சொல்வது?

எனவே நாம் கோருகிறோம்: மருந்து ஏற்றி அனுப்பும் ஒவ்வொருவருக்கும் தெர்மாமீட்டரும், 'காய்ச்சல் வந்தால் இவரைக் காத்திருக்க வைக்காதீர்' என்ற தமிழ் அட்டையும் இலவசமாகத் தருக! தாலுகா ஆஸ்பத்திரிகளில் முதல் ஊசியை இரவும் பகலும் தயாராக வைத்திருந்து, பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்புமுன்பே போடுக! வீட்டில் வசதியில்லாதவருக்குப் படுக்கை தருக! துணை நிற்பவரின் கூலி நஷ்டத்தை ஈடு செய்க!

சர்க்கார் அசையும்வரை சங்கத் தோழர்கள் சும்மாயிருக்கலாகாது. உங்கள் தெருவில் கீமோதெரபி பெறுபவர் யார், இரவில் அவரை ஏற்றிச் செல்ல வண்டி எங்கே என்பதை இன்றே விசாரித்து வையுங்கள்.