மிடியில் அடங்காத மகுடம்

எனர்ஜி 52 குழுவின் 'கஃபே டெல் மார்' 1993இல் வெளிவந்த டிரான்ஸ் இசைப்படைப்பு. அது மின்கருவிகளுக்குள்ளேயே பிறந்தது. ஆதலின் சுரங்களை மிடியில் எழுதி, சிந்தசைஸரில் ஒலியைச் செதுக்கி, அதனை ஏறக்குறைய அப்படியே மீட்டுருவாக்கிவிட முடிகிறது.

அவ்வழியிலேயே நம் மாணவர் சிலர் கணியான் கூத்தின் மகுட அடியைக் கணினியில் வார்த்துக் கொணர்ந்தனர். சிற்றாறு தாமிரபரணியில் கலக்கும் சீவலப்பேரிப் பக்கத்தில் சுடலைமாடன் கொடை பார்த்து வளர்ந்த நமக்கு அவ்வொலி சற்றே நெருடியது.

உச்சம், மந்தம் என மகுடம் இரண்டு. தோலைத் தீயில் காய்ச்சிச் சுருதி கூட்டுவர். பனி இறங்கினால் தோல் தளரும், ஒலியும் தாழும். இதனையெல்லாம் ஒலி வடிவமைப்பால் எட்டிவிடலாம், மறுப்பதற்கில்லை. எட்டவியலாதது, எதிரே ஆடும் சாமியாடியின் உடல். அவர் கால் தயங்கினால் அடி காத்திருக்கும். அவருக்கு அருள் ஏறினால் அடியும் முடுகும். மிடி, அடியின் விசையை 127 படிகளில் குறிக்கும். யாரைப் பார்த்து அடித்தார் என்பதைக் குறிக்காது.

இதற்காக மாணவர் முயற்சியைப் பழிப்பது தகாது. ஆனால் கொடைக்கு இந்தக் கோப்பே போதுமென்று ஊர் முடிவு செய்யும் நாளில், கலைஞரின் கூலி போகும். அவரோடு கலையும் போகும்.

மாணவரிடம் நாம் சொன்னது இதுதான்: அழிக்க வேண்டா. மகுடக் கலைஞரிடம் போட்டுக் காட்டுங்கள். அவர் முகம் சுளிக்கும் இடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். பாடம் அங்கேதான் தொடங்குகிறது.