ரிஸ்பாளிடம் மன்னிக்கச் சொல்லாதீர்கள்

தியானப் பகுதி: 2 சாமுவேல் 21:1-14, உபாகமம் 21:1-9



சில ஆண்டுகளுக்கு முன், கிறிஸ்துமஸ் காலத்தில், நம் திருவண்ணாமலை மாவட்டத்திலுள்ள இலங்கைத் தமிழர் முகாம் ஒன்றுக்குப் போர்வைகளோடு சென்றிருந்தோம். அங்கே ஒரு தாயார் என்னைத் தனியே அழைத்துப் பேசினார். வன்னியில் இருந்த தம் மகன் 2009 மே மாதத்திற்குப் பின் என்னவானான் என்பது அவருக்குத் தெரியாது. நான் வேதத்தைத் திறந்து, "மன்னித்துவிடுங்கள், மறந்துவிடுங்கள், கர்த்தர் சமாதானம் தருவார்" என்றேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "ஐயா, என்ர பிள்ளை உயிரோட இருக்கிறான் எண்டு ஜெபிக்கிறதோ, செத்துப்போனான் எண்டு ஜெபிக்கிறதோ?"

என்னிடம் பதில் இல்லை. அன்று நான் சொன்ன ஆலோசனை தவறு. அதை உங்கள் முன் அறிக்கையிடுகிறேன். ஆனால் அந்தத் தவறு என்னோடு நிற்கவில்லை. "போர் முடிந்து இத்தனை ஆண்டுகள் ஆயிற்றே, பழைய புண்ணை ஏன் கிளற வேண்டும்? சபைக்கு அரசியல் எதற்கு?" என்று நம்மில் பலர் பேசுகிறோம். இந்தப் பேச்சு பக்தியின் உடை அணிந்திருந்தாலும் வேதத்திற்கு விரோதமானது என்பதே என் வாதம்.

ரிஸ்பாளைப் பாருங்கள். அவளுடைய இரண்டு குமாரரை ஒப்புக்கொடுத்தவன் எதிரி அல்ல, ராஜாவாகிய தாவீதே. அவள் பாறையின்மேல் இரட்டுப்புடவையை விரித்து, அறுப்புக் காலத் தொடக்கம் முதல் மழை பெய்யும்வரை, பறவைகளும் மிருகங்களும் உடல்களைத் தொடாதபடி காவல் காத்தாள். "வீட்டுக்குப் போ, மறந்துவிடு" என்று வேதம் அவளிடம் சொல்லவில்லை. அவள் செய்தது ராஜாவின் செவிக்கு எட்டியது. எலும்புகள் சேர்க்கப்பட்டன, சவுலும் யோனத்தானும் பிதாக்களின் கல்லறையில் அடக்கம்பண்ணப்பட்டார்கள். அதற்குப் பின்னரே தேவன் தேசத்திற்காகச் செய்யப்பட்ட வேண்டுதலைக் கேட்டருளினார். இந்த வரிசையைக் கவனியுங்கள்: முதலில் எலும்புகள், பிறகு சமாதானம்.

கிளிநொச்சியில் 2017 பிப்ரவரி 20 அன்று, கந்தசாமி கோவில் முன்பாக, காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர் தொடர் போராட்டத்தைத் தொடங்கினர். பதில் அறியாமலேயே அவர்களில் பலர் இறந்துபோயினர். போரின் இறுதி நாட்களில் தம் பிள்ளைகளைத் தம் கையாலேயே இராணுவத்திடம் ஒப்படைத்ததாகச் சாட்சி சொல்லும் தாய்மார் உண்டு. 2009 மே 18 அன்று சரணடைந்தவர்களோடு சென்ற கத்தோலிக்க அருட்தந்தை பிரான்சிஸ் யோசப்பும் திரும்பவில்லை. மேய்ப்பனும் ஆடுகளோடு மறைந்துபோனான்.

யாழ்ப்பாணத்துச் செம்மணியில் உடல்கள் புதைக்கப்பட்டதாக, கொலை வழக்கொன்றில் தண்டனை பெற்ற இராணுவ வீரர் ஒருவரே 1998-இல் நீதிமன்றத்தில் சொன்னார். 1999-இல் 15 உடல்கள் எடுக்கப்பட்டன. பின்பு நீண்ட மௌனம். 2025-இல் அதே செம்மணிப் பகுதியின் சித்துப்பாத்தி மயானத்தில் 200-க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிப்பட்டன. அவற்றில் குழந்தைகளுடையவையும் உண்டு. ஒரு பள்ளிப் பையும் பொம்மையும் கிடைத்தன. புண்ணைக் கிளறியது யார்? மூடி வைத்தவர்களா, தேடியவர்களா?

அந்தத் தாயாரின் கேள்விக்கு நான் பதில் சொல்லவில்லை, சட்டம் சொல்லியிருக்கிறது. வலிந்து காணாமல் ஆக்கப்படுதலுக்கு எதிரான ஐ.நா. உடன்படிக்கை, உண்மையை அறிவது குடும்பத்தின் உரிமை என்கிறது. இலங்கை அதை 2016-இல் ஏற்றுக்கொண்டு, 2018-இல் சட்டமும் இயற்றியது. 2015-இல் ஐ.நா. மனித உரிமைப் பேரவையில் உண்மை ஆணைக்குழுவையும் சிறப்பு நீதிப் பொறிமுறையையும் அமைப்பதாக வாக்களித்தது. காணாமற்போனோர் அலுவலகம் அமைந்தது, நீதிமன்றம் அமையவில்லை. 2020-இல் அந்தத் தீர்மானத்திற்கு அளித்த இணை அனுசரணையிலிருந்தே விலகிக்கொண்டது. நாமும் பெருமை பாராட்ட முடியாது: நம் நாடு அவ்வுடன்படிக்கையில் 2007-இல் கையொப்பமிட்டது, இன்னும் உறுதிப்படுத்தவில்லை.

"புலிகளும் கொன்றார்களே" என்பீர்கள். ஆம், கொன்றார்கள். சிறுவரைப் படையில் சேர்த்தார்கள்; 1990 அக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்களைத் துரத்தினார்கள். அந்த உண்மையும் வெளிவர வேண்டும். கர்த்தருக்கு இருவகைப் படிக்கல் அருவருப்பு. ஆனால் ஒருவன் செய்த பாவத்தைக் காட்டி இன்னொருவனுடைய தாயின் வாயை அடைப்பது எந்த வேதத்தில் இருக்கிறது?

மன்னிப்பு கிறிஸ்துவின் கட்டளை. அதை நான் குறைக்கவில்லை. அந்தத் தாய் தேவனுக்கு முன்பாகத் தன் இருதயத்தில் மன்னிக்கலாம்; அது அவளுக்குக் கிடைக்கும் கிருபை. ஆனால் தன் மகனுக்கு என்ன நேர்ந்தது என்று அறியாதவளிடம் மன்னிப்பைக் கடனைப்போல் வசூலிக்க நாம் யார்? நடந்ததை மறைத்தவனை விட்டுவிட்டு, இழந்தவளுக்கு மட்டும் பிரசங்கிப்பது சுவிசேஷம் அல்ல.

"இலங்கை எங்கோ இருக்கிறது" என்றும் சொல்லாதிருங்கள். வெளியில் கொலையுண்டு கிடப்பவனைக் கொன்றவன் யாரென்று தெரியாவிட்டால், எந்தப் பட்டணம் மிக அருகில் உள்ளது என்று அளக்கும்படி மோசே கட்டளையிட்டார். அளந்த பின்புதான் மூப்பர் கைகழுவலாம். நாமோ அளக்காமலே கைகழுவுகிறோம். அது மூப்பரின் கைகழுவுதல் அல்ல, பிலாத்துவினுடையது.

அளந்து பாருங்கள். பௌர்ணமிதோறும் இலட்சக்கணக்கானோர் வந்து மலையைச் சுற்றும் ஊர் இது. வந்தவருக்கு இடம் கொடுக்கத் தெரிந்த ஊர். நம் மாவட்டத்து முகாம்களிலோ, இம்மண்ணிலேயே பிறந்து வளர்ந்தும் குடியுரிமையற்ற பிள்ளைகள் வாழ்கிறார்கள். 2019-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்திலும் அவர்களுக்கு இடமில்லை. அவர்களுக்குப் போர்வை கொடுத்தோம். அவர்கள் சொல்வதைக் கேட்டோமா?

இவ்வாரம் முகாமுக்குச் செல்லுங்கள், வெறுங்கையோடு. உட்கார்ந்து கேளுங்கள். காணாமல் ஆக்கப்பட்டோரின் பெயர்களை, அவர்கள் குடும்பத்தார் சம்மதித்தால், ஞாயிறு ஆராதனையின் பரிந்துரை ஜெபத்தில் வாசிப்போம்.

ஆபேலின் இரத்தத்தின் சத்தத்தைக் கேட்ட கர்த்தாவே, எங்கள் செவிகளையும் திறந்தருளும். ஆமென்.