முதலாவதாக வருவதெல்லாம் முதலாவதா?

அசைன்மென்ட் தந்தவுடன் நாங்கள் என்ன செய்கிறோம்? போனை எடுத்துத் தலைப்பை அப்படியே கூகிளில் போடுகிறோம். மேலே வருகிற மூன்று நான்கு இணைப்புகளைத் திறந்து, அதிலிருந்தே எழுதி முடிக்கிறோம். இரண்டாம் பக்கத்துக்குப் போற ஆட்கள் எங்கட பட்ச்சில் அரிது. அந்த வரிசையை ஆர் போட்டது எண்டு ஒருத்தரும் கேட்கிறதில்லை.

கேட்க வேண்டும். ஏனென்றால் தேடுபொறி முதலில் வரிசை போடுவதற்காக வந்ததல்ல. 1990 இல் கனடாவின் மொன்றியல் நகரிலுள்ள மக்கில் பல்கலைக்கழகத்தில், பார்படோஸ் நாட்டு மாணவரான அலன் எம்டேஜ் 'ஆர்ச்சி' என்ற ஒன்றை எழுதினார். உலகின் பல கணினிகளில் பொதுவில் வைக்கப்பட்டிருந்த கோப்புகளின் பெயர்களை அது திரட்டி வைத்திருந்தது. நீங்கள் கேட்கும் கோப்பு எங்கே கிடக்கிறது என்று சொல்லும். எது நல்லது என்று சொல்லாது.

1994 இல் ஸ்டான்போர்ட் மாணவர்கள் இருவர் தொடங்கிய யாகூ, மனிதர்கள் பார்த்துப் பிரித்து அடுக்கிய ஒரு பட்டியல். அதே ஆண்டில் வந்த வெப்குரோலர், பக்கங்களிலுள்ள எல்லாச் சொற்களையும் தேடியது. பக்கங்கள் பெருகப் பெருக, எதை மேலே வைப்பது என்பதே பிரச்சினையானது.

அதற்கு விடை தேடியவர்களும் ஸ்டான்போர்ட் மாணவர்கள்தான். லரி பேஜும் சேர்ஜி பிரினும் ஒரு பக்கத்துக்கு எத்தனை பேர் இணைப்புக் கொடுக்கிறார்கள், கொடுக்கிறவர்கள் எவ்வளவு முக்கியமானவர்கள் என்று கணக்குப் பார்த்தார்கள். ஆய்வுக் கட்டுரைகளில் மேற்கோள் காட்டுகிற மாதிரித்தான். 1998 இல் வெளியிட்ட கட்டுரையில் அவர்களே ஓர் எச்சரிக்கையும் வைத்தார்கள்: விளம்பரக் காசில் ஓடும் தேடுபொறி, தேடுபவரின் தேவையை விட்டு விளம்பரக்காரர் பக்கம் சாயும். 2000 இல் அவர்களுடைய கூகிளே விளம்பரம் விற்கத் தொடங்கியது.

இதற்காகக் கூகிளை விட்டுவிடச் சொல்லவில்லை. நாங்களும் விடப்போவதில்லை. ஆனால் மேலே நிற்பது உண்மை என்பதால் மட்டும் மேலே நிற்பதில்லை. அதற்குப் பின்னால் ஒரு கணக்கும் ஒரு வியாபாரமும் இருக்கின்றன.

எங்கட பக்கத்திலும் ஒரு பிழை உண்டு. இண்டைக்கு வேறு எத்தனையோ கணக்குகள் சேர்ந்தாலும், இணைப்புகள் இன்னும் எண்ணப்படுகின்றன. நாங்களோ நல்ல தமிழ்க் கட்டுரை ஒன்றைக் கண்டால் ஸ்கிரீன்ஷொட் எடுத்து வட்ஸ்அப் குறூப்பில் போடுகிறோம். ஸ்கிரீன்ஷொட்டில் இணைப்பு இல்லை. எழுதினவரின் பெயர்கூடச் சிலவேளை வெட்டுப்பட்டுப் போகும். பிறகு, "தமிழில தேடினா ஒண்டும் வருதில்லை" எண்டு நாங்களே குறைப்படுகிறோம்.

அடுத்த முறை இரண்டாம் பக்கத்தையும் ஒருக்கால் திறந்து பார்ப்போம். நாங்கள் எழுதும்போது, எங்களுக்கு உதவிய தமிழ்க் கட்டுரைக்கு ஒரு இணைப்புக் கொடுப்போம். வரிசையை ஆரோ போடட்டும். அதில் எங்கட கணக்கும் கொஞ்சம் சேரட்டும்.